கடைசிப் பத்தி இல்லாத நண்டு கட்லெட்

தொண்ணூறுகளின் நடுவில் பெங்களூரில் ஒரு தமிழ் நாளிதழில் உதவி ஆசிரியராக இருந்தேன். ஞாயிறு இணைப்பின் சமையல் பகுதி என் பொறுப்பு. எனக்குச் சமைக்கத் தெரியும் என்பதால் அல்ல, வேறு யாரும் அதை ஏற்கவில்லை என்பதால். ஆங்கிலத்தில் வரும் குறிப்பை மொழிபெயர்ப்பேன். இடம் போதாவிட்டால் கடைசிப் பத்தியை வெட்டுவேன். முக்கியமானது மேலே, தேவையில்லாதது கீழே என்றுதான் எனக்குக் கற்றுக்கொடுத்திருந்தார்கள். தீ விபத்துக்கும் சட்டசபைக்கும் அது சரியாகவே பொருந்தியது.

ஒரு வாரம் நண்டு கட்லெட். கடைசி நேரத்தில் ஒரு ஜவுளிக்கடை விளம்பரம் வந்தது. வழக்கம்போல் வாலை நறுக்கினேன்.

நான் குடியிருந்தது ஈஜிபுராவில், ஒரு மாடி அறையில். கீழே வீட்டுக்காரம்மா. வாணியம்பாடியிலிருந்து கல்யாணமாகி வந்தவர். எங்கள் பத்திரிகையை வரி விடாமல் படிப்பவர். ஆசிரியரே செய்யாத காரியம் அது. அடுத்த ஞாயிறு காலை, பேப்பரிலிருந்து கத்தரித்தெடுத்த குறிப்போடு மாடியேறி வந்தார்.

"சார், மத்தியானம் எங்க நாத்தனார் வர்றாங்க, ஆஸ்டின் டவுன்லேர்ந்து. பதினாறு வருஷமா என் சமையலை ஒரு நாள் நல்லாருக்குன்னு சொன்னதில்ல. இன்னிக்கு சொல்ல வைக்கணும். நீங்க எழுதினதுதானே, வந்து பக்கத்துல நில்லுங்க."

நின்றேன். நண்டை அவித்து, ஓட்டை உடைத்து, சதையை ஊசியால் நோண்டி எடுக்க இரண்டு மணி நேரம் ஆனது. முட்டை, வெங்காயம், மிளகு, ரஸ்க் தூள் எல்லாம் கலந்தார். விரலால் தொட்டுப் பார்த்தார்.

"தளதளன்னு இருக்கே சார். இன்னும் ஒரு கை ரஸ்க் போடட்டுமா?"

"வேணாங்க்கா. பேப்பர்ல போட்ட அளவு சரியாத்தான் இருக்கும்."

முதல் கட்லெட் தோசைக்கல்லில் விழுந்ததும் நான்காகப் பிரிந்தது. இரண்டாவது பிரியவில்லை, கரைந்தது. அப்போதுதான் நான் வெட்டிய பத்தி வரிக்கு வரி நினைவுக்கு வந்தது: கலவை தளர்ந்திருந்தால் இன்னும் கொஞ்சம் ரஸ்க் தூள் சேர்க்கவும், தட்டிய கட்லெட்டுகளை ஒரு மணி நேரம் ஃபிரிட்ஜில் வைக்கவும், இல்லாவிட்டால் உடைந்துவிடும்.

"நண்டு தண்ணி விட்டிருக்கும்க்கா," என்றேன்.

அவர் என்னைப் பார்க்கவில்லை. வாசலில் ஆட்டோ வந்து நின்றது. மீதிக் கலவையையும் கல்லில் கொட்டி, பச்சை மிளகாயைக் கிள்ளிப்போட்டு, கரண்டியால் கொத்த ஆரம்பித்தார்.

நாத்தனார் தட்டைப் பார்த்தார்.

"கட்லெட்டுன்னு போன்ல சொன்னே. இது பொடிமாஸாச்சே?"

"இப்போ இப்படித்தான் அண்ணி பண்றாங்க. பேப்பர்லயே வந்திருக்கு."

"எங்கே, காட்டு." வாங்கிப் பார்த்துவிட்டு என்னிடம் நீட்டினார். "நான் படிச்சது கன்னட மீடியம். தமிழ் பேசுவேன், படிக்க வராது. நீங்க படிங்க, கேப்போம்."

அச்சில் இருந்தது: 'வட்டமாகத் தட்டிப் பொன்னிறமாகப் பொரிக்கவும்.' நான் படித்தது: 'கரண்டியால் கொத்தி உதிர உதிர வறுக்கவும்.' என் மொழிபெயர்ப்புகளில் அவ்வளவு சரளமாக வந்தது வேறு எதுவும் இல்லை.

நாத்தனார் சாப்பிட்டார். இரண்டாம் முறை கேட்டு வாங்கினார். நல்லாருக்கு என்று மட்டும் சொல்லவில்லை. கிளம்பும்போது குறிப்பை மடித்துப் பர்ஸில் வைத்துக்கொண்டார்.

"என் மருமக ஆம்பூர்க்காரி. தமிழ் நல்லா படிப்பா."

அடுத்த மூன்று நாள் வீட்டுக்காரம்மாவின் கண்ணில் படாமல் மாடியேறினேன். புதன்கிழமை படிக்கட்டிலேயே மடக்கிவிட்டார்.

"நாத்தனார் போன் பண்ணாங்க. மருமக படிச்சிட்டா. அதே மாதிரி கட்லெட்டும் போட்டாளாம்."

"அப்புறம்?"

"கல்லுல ஒட்டிக்கிட்டு சுரண்டத்தான் வேண்டியிருந்துதாம். 'பேப்பர்காரன் தப்புத்தப்பா எழுதியிருக்கான், நீதான் சரியா பண்ணினே, நல்லா இருந்துச்சு'ன்னு சொன்னாங்க. அவங்க வாயால."

பதினாறு வருடத்துக்கான சிரிப்பு அது. நானும் சிரித்துவைத்தேன்.

"சிரிக்காதீங்க சார். நீங்க மாத்திப் படிச்சதையும் கண்டுபிடிச்சிட்டாங்க. அந்தாளுக்கு எழுதவும் வரலை, படிக்கவும் வரலை, பாவம்னாங்க. நான் ஒண்ணும் சொல்லலை."