பெரியப்பா அல் கூஸில் வாசித்துக் காட்டிய நாடகம்

அன்புப் பிள்ளைகளுக்கு,

உங்கள் பெரியப்பா கண்மூடி இன்றைக்கு முப்பத்தொரு நாள். இந்த நினைவு மலரில் நன்றாகப் படித்தவர்கள் பலர் அவரைப் பற்றி எழுதியிருக்கிறார்கள். நான் எட்டாம் வகுப்போடு நின்றவன். அவருடைய ஆங்கில நாடகம் ஒன்றையாவது முழுதாக விளங்கிப் பார்த்தவன் அல்ல. ஆனால் லண்டன் பத்திரிகை போட்ட அவருடைய நாடகப் பட்டியலில் இல்லாத ஒரு நாடகம் எனக்குத் தெரியும். அதைப் பற்றி நான்தான் எழுத வேண்டும்.

பெரியப்பா பருத்தித்துறையில், கடலுக்கு இரண்டு தெரு தள்ளிய வீட்டில், ஐந்து பிள்ளைகளில் மூத்தவராகப் பிறந்தார். எங்கள் அப்பு, உங்கள் அப்பப்பா, பஸ் கண்டக்டர். அப்புவின் குரலிலேயே பெரியப்பா குசினிக்கு வெளியே நின்று சோறு கேட்பார்; எங்கள் அம்மா ஏமாந்து தட்டை எடுத்துவிடுவா. லண்டனுக்குப் படிக்கப் போனவர், பகலில் கல்லூரியும் பின்னேரம் உணவகத்தில் கோப்பை கழுவுவதுமாகப் பல வருடம் கஷ்டப்பட்டார். கோப்பை கழுவுகிறவர்கள் தங்களுக்குள் கதைத்ததை வைத்துத்தான் முதல் வானொலி நாடகம் எழுதினார். முதல் மேடை நாடகத்துக்குப் பதினொரு பேர் வந்தார்களாம். அதிலும் இரண்டு பேர் மழைக்கு ஒதுங்கியவர்கள் என்று அவரே சொல்லிச் சிரிப்பார். பிறகு தொலைக்காட்சியில் ஆஸ்பத்திரித் தொடர், பொலிஸ் தொடர், சிறுவர்களுக்குப் பொம்மலாட்டம், சினிமா என்று எதைக் கேட்டாலும் எழுதிக் கொடுத்தார்.

ஒரு பிடிவாதம் மட்டும் அவரிடம் இருந்தது. ஒரு மனிதர் எந்த இடத்தில் எப்படிப் பேசுவாரோ, நாடகத்திலும் அப்படியேதான் பேச வேண்டும். அந்தப் பிடிவாதம்தான் எங்களை ஒரு நாள் மாட்டிவிட்டது.

அப்போது நான் துபாயில், அல் கூஸில், ஒரு கம்பெனியில் ஏசிக் குழாய் பொருத்திக்கொண்டிருந்தேன். நீங்கள் அம்மாவோடு ஊரில் இருந்தீர்கள். பெரியப்பா ஒரு சினிமாவுக்கு எழுதுவதற்காகத் துபாய் வந்து மூன்று மாதம் ஹோட்டலில் தங்கினார். லீவு நாளான வெள்ளிக்கிழமை ஆனால் எங்கள் தொழிலாளர் கேம்புக்கு வந்துவிடுவார். கேட்டில் இருந்த கிளார்க் முருகையா, தூத்துக்குடிக்காரர், உள்ளே வர அவருக்குப் பாஸ் எழுதி முத்திரை குத்திக் கொடுப்பார். ஆறு பேர் இருந்த எங்கள் அறையில், கட்டிலின் கீழ்த்தட்டில் சம்மணம் போட்டு இருந்து பெரியப்பா எங்கள் கதைகளைக் கேட்பார். பொங்கலுக்குச் சாப்பாட்டு மண்டபத்தில் போட ஒரு நாடகம் எழுதித் தரச் சொல்லி நாங்கள்தான் கேட்டோம்.

எழுதினார். மூன்று தாள். எங்களைச் சைட்டுக்கு ஏற்றிப் போகும் பஸ்ஸைப் பற்றியது. ஏசி இல்லாத பஸ். வேலை முடிந்த பிறகும் வெயிலில் ஒரு மணி நேரம் காக்க வைக்கும் பஸ். அதில் ஒருவர் மயங்கி விழுகிறார். மறுநாள் யாரும் ஏறுவதில்லை என்று மற்றவர்கள் போர்மேனிடம் சொல்கிறார்கள். போர்மேனோடு நாங்கள் ஹிந்தியில்தான் பேசுவோம். ஆகவே அந்த வசனமும் ஹிந்தியில்தான் இருக்க வேண்டும் என்றார் பெரியப்பா. "கல் காம் பந்த்." நாளைக்கு வேலை இல்லை என்று அர்த்தம்.

அந்த வசனம் எங்கள் அறையில் இருந்த அறந்தாங்கிச் செல்வராசுவுக்கு. வெள்ளிக்கிழமை மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு ஒத்திகை. அவர் போட்ட சத்தத்தில் கட்டில் அதிர்ந்தது. கொஞ்சம் மெதுவாக என்றேன்.

"லண்டன் சார் எழுதிக் குடுத்திருக்காரு. நிஜத்துல போர்மேன் முன்னாடி நமக்கு வாயே வராது. இதுலயாவது சத்தமா சொல்லிக்கிறனே" என்றார்.

நாலாவது தடவை சொல்லும்போது கதவு திறந்தது. வாட்ச்மேனும் அவருக்குப் பின்னால் கேம்ப்பை நடத்தும் கேம்ப் பாஸும் நின்றார்கள். அவர்களுக்குத் தமிழ் தெரியாது. விளங்கியது அந்த மூன்று சொல்தான். பெரியப்பாவோடு நாங்கள் ஆறு பேரும் கதவைச் சாத்திக்கொண்டு வேலைநிறுத்தத்துக்குத் திட்டம் போடுகிறோம் என்று நினைத்துவிட்டார்கள். அங்கே அந்தப் பேச்சுக்கே ஆட்களை விசா வெட்டி ஊருக்கு அனுப்பிவிடுவார்கள், பிள்ளைகள். நாடகம் நாடகம் என்று நான் ஹிந்தியில் சொன்னேன். கேம்ப் பாஸ் மூன்று தாளையும் பறித்துக்கொண்டு, எல்லோரும் ஆபீசுக்கு நடங்கள் என்றார்.

போகும் வழியில் பெரியப்பா என் தோளைப் பிடித்தார்.

"நீ வாய் திறக்காதை. கேட்டால் மட்டும், எல்லாம் நான் எழுதினது எண்டு சொல்லு. என்னை அனுப்பினால் லண்டனுக்குத்தானே அனுப்புவாங்கள். உங்களை எங்கை அனுப்புவாங்கள்?"

எனக்கு உங்கள் மூன்று பேருடைய முகமும்தான் கண்ணுக்கு முன்னால் வந்தது.

மானேஜர் வீட்டிலிருந்து வந்து சேர அரை மணி நேரம் ஆனது. தாள்களைப் பெரியப்பாவிடம் கொடுத்து, நாடகம் என்றால் அதை ஆங்கிலத்தில் வாசித்துச் சொல்லும் என்றார். பிறகு கேட்டுக்கு ஆள் அனுப்பி முருகையாவைக் கூப்பிட்டார். "இவர் வாசிப்பது இதில் எழுதியிருப்பதுதானா என்று பக்கத்தில் நின்று பார்த்துச் சொல்."

தாளில் இருப்பது கம்பெனியின் பஸ். நாடகம்தான் என்றாலும், அதை அப்படியே வாசித்தால் நாங்கள் முடிந்தோம். மாற்றி வாசித்தால் முருகையாவுக்குத் தெரியும். அவரும் எங்களைப் போல விசாவில் இருப்பவர்தான்.

பெரியப்பா மூக்குக் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு வாசிக்கத் தொடங்கினார். எனக்குப் பாதிதான் விளங்கியது. பஸ் வரவில்லை. கலியாண வீடு வந்தது. மாப்பிள்ளை வீட்டார் வடையில் உப்புக் கூடிவிட்டது என்று சொல்ல, சமையல்காரர்கள் கரண்டியைப் போட்டுவிட்டு நாளைக்குச் சமைக்க மாட்டோம் என்கிறார்கள். மானேஜர் நிறுத்தினார். தமிழ்க் கலியாணத்தில் ஹிந்தி எதற்கு?

"தலைமைச் சமையல்காரரைப் பம்பாயிலிருந்து கூட்டி வந்திருக்கிறார்கள், சார்" என்றார் பெரியப்பா, தாளைப் பார்த்தபடியே.

தொடர்ந்து சொல்லிக்கொண்டே போனார். கதையில் மூழ்கிவிட்டார் போலும். மாமியார் வந்தா, பாயாசம் பொங்கி வழிந்தது, எல்லாம் வந்தது. கையில் மட்டும் இன்னும் முதல் தாள்தான். மானேஜரின் கண் அந்தத் தாளுக்குப் போனதை நான் பார்த்தேன். முருகையாவும் பார்த்தார். கையை நீட்டித் தாளைத் திருப்பிவிட்டார். கொஞ்ச நேரம் கழித்து மறுபடியும் கையை நீட்டி, மூன்றாவது தாளையும் மேலே கொண்டுவந்தார்.

முடிந்ததும் மானேஜர் கேட்டார், இப்படித்தான் எழுதியிருக்கிறதா என்று.

"எழுத்துக்கு எழுத்து, சார்" என்றார் முருகையா.

மானேஜர் தாள்களைத் திருப்பித் தந்தார். ஆனால் விடவில்லை. வருகிற வெள்ளிக்கிழமையே இதைப் போடுங்கள், நானும் பார்க்க வருகிறேன் என்றார். அந்த வாரம் முழுக்கப் பெரியப்பா தான் சொன்ன பொய்யை ஒன்றுவிடாமல் ஞாபகப்படுத்தி எழுத, நாங்கள் பாடமாக்கினோம். லண்டனில் ஒரு காட்சியை இருபது தரம் திருத்துவேன், இது ஒரே தரத்தில் வந்தது என்றார் அவர். வெள்ளிக்கிழமை போட்டோம். செல்வராசு கரண்டியோடு "கல் காம் பந்த்" என்றதும் மானேஜர் விழுந்து விழுந்து சிரித்தார். சனிக்கிழமை அதே பஸ்தான் வந்தது.

நாடகம் முடிந்து போகும்போது, கேட்டில் பெரியப்பா முருகையாவின் கையைப் பிடித்துக்கொண்டு, ஏன் எங்களுக்காக இப்படிச் செய்தீர்கள் என்று கேட்டார்.

"அந்த பஸ்ல நானும் ரெண்டு வருசம் போயிருக்கேன், அண்ணாச்சி" என்றார் அவர்.

பின்பு லண்டனில் ஒரு நாடகக்காரர் அந்தப் பஸ் நாடகத்தை ஆங்கிலத்தில் போடக் கேட்டாராம். தம்பி இன்னும் அந்தக் கம்பெனியில் நிற்கிறான் என்று சொல்லிப் பெரியப்பா தாளைப் பூட்டி வைத்துவிட்டார் என்று உங்கள் பெரியம்மா சொன்னா. நான் துபாய்க் கம்பெனியை விட்டு, நாம் எல்லோரும் மங்காஃபுக்கு வந்து சேர்ந்த பிறகுதான் அவருக்குச் சுவாசப்பை வருத்தம் முற்றியது. கடைசிப் பத்து நாளும் நான் லண்டனுக்குப் போய்க் கட்டிலருகில் இருந்தேன். குரல் போய்விட்டது. கிட்ட வரச் சொல்லிக் காதில் சொன்னார்:

"இப்ப நீ அங்கை இல்லைத்தானே. இனி அச்சிலை வரலாம்."

அவரை இரவு பகலாகப் பார்த்த பெரியம்மாவுக்கும், ஆஸ்பத்திரித் தாதிமாருக்கும், சோறு சமைத்துக் கொண்டுவந்த அயலவருக்கும், இறுதிக் கிரியைக்குத் தூரத்திலிருந்து வந்த உறவினர் நண்பர்களுக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி. முருகையா ஊருக்குப் போய்விட்டார் என்று கேள்விப்பட்டேன். விலாசம் கிடைக்கவில்லை. இந்த மலர் எப்படியாவது அவர் கைக்குப் போக வேண்டும்.

மூன்று தாளையும் கடைசிப் பக்கங்களில் பெரியப்பாவின் கையெழுத்திலேயே அச்சிட்டிருக்கிறோம். முதல் இரண்டு தாளின் கீழ் மூலையிலும் ஊதா நிறத்தில் ஒரு பெருவிரல் அடையாளம் இருக்கும். கேட்டில் பாஸுக்குக் குத்தும் முத்திரையின் மை. அதை அழுக்கு என்று நினைத்து அச்சகக்காரர் துடைத்துவிடப் பார்த்தார். அப்படியே இருக்கட்டும் என்று சொல்லிவிட்டேன்.