காதோடு நின்ற முகம்

எங்கள் கார்ட்டூன் படத் தொழிலில் 'மிசுஸு வெட்டு' என்று ஒன்று உண்டு. ஒரு பெண் திரும்புவாள். பின்கழுத்து தெரியும், காது தெரியும். முகம் வருவதற்குள் அடுத்த காட்சி வந்துவிடும். விமர்சகர்கள் அதில் தத்துவமெல்லாம் கண்டுபிடித்துப் பக்கம் பக்கமாக எழுதினார்கள். எனக்குச் சிரிப்புதான் வரும். எடிட்டர் மிசுஸு அக்காவின் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து பிலிம் ஒட்டிக்கொடுத்தவள் நான்.

அக்காவின் கணவர் டெட்சுரோ, ஒகிகுபோவில் இருந்த எங்கள் ஸ்டூடியோவில் மாடியில் ஓவியர். வாசலில் ஒரு தாய் திரும்பிப் பார்க்கும் காட்சியை ஒரு டிவி தொடருக்காக வரைந்துகொண்டிருந்தார். பின்கழுத்து முடிந்து காதுவரை வந்தபோது மேசையிலேயே தலை சாய்ந்துவிட்டார். தூங்குகிறார் என்று நினைத்து யாரோ போர்வை போர்த்திவிட்டுப் போனார்கள். எங்கள் தொழிலில் மேசையில் தூங்காதவர் யார்? விடிந்த பிறகுதான் தெரிந்தது.

ஒளிபரப்புக்கு நாள் இல்லை. முகத்தை வேறு ஓவியரை வைத்து வரைந்துவிடலாம் என்றார்கள்.

"வேணாம். காதோட வெட்டிடறேன்" என்றார் அக்கா. தகனம் முடித்து வந்த கையோடு, கறுப்பு உடையிலேயே உட்கார்ந்து வெட்டினார். ஒரு சொட்டுக் கண்ணீர் இல்லை. எனக்குப் பயமாக இருந்தது.

அதன்பிறகு எந்தப் படம் வந்தாலும், எந்தப் பெண் திரும்பினாலும், அதே இடத்தில் வெட்டு.

"உங்க படத்துல ஒருத்திக்கும் மூஞ்சியே இல்லையேக்கா, எல்லாருக்கும் அம்மை போட்டிருக்கா?" என்று ஒருநாள் சீண்டினேன்.

சிரிக்கவில்லை. "அவ திரும்பி முடிக்கலன்னா, படம் இன்னும் வரைஞ்சு முடியலன்னுதானே அர்த்தம்? முடியலன்னா அவரு மாடியிலதான இருக்காரு" என்றார். பார்லி டீயை ஒரு வாய் குடித்தார். "பென்சில் சத்தம் கேக்குதா உனக்கு?"

எங்கள் தலைக்கு மேலே இருந்தது அப்போது வெறும் பழைய சாமான் அறை. எனக்கு எதுவும் கேட்கவில்லை. ஆனாலும் அன்றிலிருந்து அந்த மாடிப்படியில் தனியாக ஏறமாட்டேன்.

பிலிம் போய்க் கம்ப்யூட்டர் வந்தது. வெட்டு மட்டும் மாறவில்லை. ஹயாமி என்ற இளம் இயக்குநர் வரும்வரை அப்படித்தான் இருந்தது. தொலைந்துபோன தாயை மகள் தேடும் கதை. கடைசியில் தாய் திரும்புகிறாள். அக்கா வழக்கம்போலக் காதோடு நிறுத்தியிருந்தார்.

"இந்த மூஞ்சிக்காகத்தான் படமே எடுத்தேன்" என்றார் ஹயாமி. "அந்தப் பொண்ணு இவ்வளவு தூரம் தேடி வந்திருக்கா. அவளுக்கு அம்மாவக் காட்டாம அனுப்பறது பாவம். உங்களால முடியலன்னா சொல்லிடுங்க, வேற ஆள் பாத்துக்கறேன். கோச்சுக்காதீங்க."

அக்கா வெட்டிய துண்டைச் சேர்த்தார். எடுத்தார். மறுபடி சேர்த்தார். பிறகு ஓடவிட்டார்.

காது வந்தது. கன்னம் வந்தது. முகம் வந்தது. யாரோ ஒரு அம்மா, கொஞ்சம் களைத்த முகம். அவ்வளவுதான்.

ஹயாமி தலைகுனிந்து வணங்கிவிட்டு வெளியே போனார். அக்கா மட்டும் அசையவில்லை.

"அவரு செத்துட்டாருடி" என்றார்.

"தெரியும்க்கா."

"எனக்கு இப்பதான் தெரியும்."