கிளிவெட்டிக் கிணற்றுக்கு இடம் காட்டியவர்

சீனன்குடாவில் பஸ்ஸுக்காக நின்றபோது அலுவலக நண்பர் தொலைபேசியில் அழைத்தார். “எங்கட தவமலர் மிஸ் மோசம் போட்டா,” என்று அவருடைய சாவுச் செய்தியைச் சொன்னார். பஸ் வந்து போனது. நான் ஏறவில்லை.

நிலத்தடி நீர்ப் பொறியியலாளராக மாவட்டம் முழுக்கக் குழாய்க்கிணறுகளுக்கு இடம் பார்த்தவர் அவர் என்பது இந்த அஞ்சலிக்கு வந்திருக்கும் உங்களுக்குத் தெரியும். எந்த வீட்டுக்குப் போனாலும் உடனே கதிரையில் இருக்கமாட்டார். வெடிப்பு இருக்கிறதா என்று முதலில் சுவரைச் சுற்றி ஒரு நடை. எனக்குப் பெண் பேசப் போன இடத்திலும் அதே வேலைதான். சீதன வீட்டை விலை மதிக்க வந்தவர் என்றே மாமனார் இன்றைக்கும் நம்புகிறார்.

ஆனால் அவர் யாரென்று எனக்கு விளங்கியது கிளிவெட்டியில்தான். அங்கே ஒரு கடும் கோடையில் முன்பள்ளிச் சுவர் அடியிலிருந்து கூரைவரை வெடித்தது. மேசன் சீமெந்தைக் களவெடுத்துவிட்டார் என்று ஊர் ஏசியது. அந்த மனிதர் பயந்துபோய் வெடிப்பை இறுக்கிப் பூசினார். மாரி வந்ததும் சுவர் இன்னொரு பக்கம் பிளந்தது. இனி அவருக்கு ஒருவரும் வேலை கொடுப்பதில்லை என்று முடிவெடுக்கக் கூட்டம் கூடியது. அங்கே கிணறு போட்ட அலுவலகம் என்று மிஸ்ஸையும் அவருக்குக் கீழே வேலை செய்த என்னையும் அழைத்திருந்தார்கள்.

மிஸ் எழுந்தார். “மேசனில பிழை இல்லை. சுவரடியில கிணத்துக்கு இடம் காட்டினது நான். கோடை முழுக்க மோட்டர் போட்டு இறைக்க, அடியில களிமண் காய்ஞ்சு ஒடுங்கிச்சுது. மழைக்கு அது திரும்ப ஊதேக்க, பூசின வெடிப்பு மூட ஏலாமல் மற்றப் பக்கம் பிளந்திட்டுது.”

ஒரு தாய் சங்கடத்தோடு சொன்னார்: “பிள்ளையளுக்குக் கிட்ட வேணும் எண்டு கேட்டது நாங்கள்தானே, மிஸ்.”

“ஓம், நீங்கள் கேட்டனீங்கள். ஏலாது எண்டு சொல்லவேண்டிய ஆள் நான்.”

திரும்பும் வழியில் எனக்குப் பொறுக்கவில்லை. “மண்ணில பழியைப் போட்டிருக்கலாமே, மிஸ்?”

“மண் சம்பளம் எடுக்கிறேல்லை, தம்பி.”

அந்தப் பேச்சால் அவருடைய பதவி உயர்வு தள்ளிப்போனது. அதைப் பற்றி அவர் குறைப்பட்டு நான் கேட்டதில்லை. கிணற்றை வயலோரமாக மாற்றுவித்தார். புதுச் சுவரை அதே மேசனைக் கொண்டு கட்டுவிக்கும்வரை ஊராரை விடவுமில்லை.

அவரிடமிருந்து எனக்கென்று வைத்திருப்பது அந்த ‘நான்’தான். ஒரு வேலை பிழைத்துவிட்டால் என் விரல் இப்போதும் முதலில் பக்கத்து ஆளைத்தான் தேடுகிறது. பிறகு அதை மடக்கிக்கொண்டு எழுந்து சொல்லிவிடுகிறேன். உங்களுக்கு நடுங்காத குரல் எனக்கு இன்னும் நடுங்குகிறது, மிஸ்.