மகனுக்குப் பதிலாகக் கப்பலில்

காலை ஒன்பது மணி பத்துக்குப் பிழை தொடங்கியது. வெள்ளைக்காரர் பாவித்துவிட்டுத் தந்த பழைய போர்க்கப்பல் ஒன்று முல்லைத்தீவுக்கு அப்பால் நங்கூரமிட்டிருந்தது. கடற்படையில் இருந்த என் மகனைப் பார்க்க நான் அதன் ஏணியில் ஏறிய அதே நேரம், அவன் மறுபக்கத்துப் படகில் இறங்கி வீட்டுக்குப் போய்விட்டான். அன்று தனக்கு வேலை என்றுதான் எழுதியிருந்தான். தெற்கே காலி ஊரைச் சேர்ந்த கூட்டாளி ஒருவன் வேலை முறை மாற்றிக் கொடுத்தது எனக்குத் தெரியாது.

என்னை ஏற்றிவிட்ட வள்ளக்காரர் வலை பார்க்க வடக்கே போனார். கடல் கொந்தளித்தது. அவர் திரும்பவில்லை.

அந்தக் காலிப் பெடியன்தான் என்னைக் கீழே கூட்டிப்போனான். ஆறேழு பேர் ஒரு சாக்கு உருளைக்கிழங்கைச் சுற்றியிருந்து தோல் சீவினார்கள்.

"மகன் பீரங்கியடியில நிக்கிறன் எண்டெல்லோ எழுதினவன்?" என்றேன்.

"பொய்யில்லை ஐயா," என்றான் மட்டக்களப்பான் ஒருவன். "பீரங்கிக்கு நேர கீழதான் இந்தச் சாக்கு."

"மகன் நல்ல மனுசன் ஐயா," என்றான் காலிப் பெடியன். "அவன் சீவினா கிழங்கு இல்லை, தோல் மட்டும் இருக்கு."

நானும் ஒரு கத்தி எடுத்தேன். என் வேலையைப் பார்த்து, "ஐயாவை வைச்சிருப்பம், மகன் கரையில நிக்கட்டும்" என்று தீர்மானித்தார்கள். மத்தியானம் வரை சிரித்துக்கொண்டே இருந்தேன்.

மூன்று மணிக்குக் கரைக்குப் போனவர்களின் படகு வந்தது. மகன் இல்லை. நான் வள்ளத்தில் போனதைக் கேட்டு, கவிழ்ந்திருப்பேனோ என்று கரையோரமெல்லாம் தேடி ஓடுகிறானாம். நாலு மணிக்குக் கப்பல் புறப்படும். தவறவிட்டவனுக்குச் சிறை. என்னால் வந்த வினை.

திரும்பி வருகிறவர்கள் ஏணித்தலையிலுள்ள பலகையிலிருந்து தங்கள் பெயரட்டையை எடுக்கவேண்டும். ஒற்றை அட்டைதான் மிச்சம், மகனுடையது. காலிப் பெடியன் அதன் பக்கத்திலேயே நின்றான். மேல்தளத்தில் கயிறு சுற்றியவர்கள், சுற்றியதையே அவிழ்த்து மறுபடியும் சுற்றினார்கள். அதிகாரி அதைக் கண்டும் காணாதவர்போல் வானத்தைப் பார்த்தார்.

நாலுக்கு ஆறு நிமிடம் இருக்க வள்ளம் தெரிந்தது. வள்ளக்காரரைக் கண்டுபிடித்திருந்தார்கள். மகன் துடுப்புப் போட்டான். நடுவில், ஒருநாளும் வள்ளத்தில் கால் வைக்காத என் மனைவி, இரண்டு விளிம்பையும் இறுக்கிப் பிடித்தபடி இருந்தாள்.

மகன் ஓடி ஏறி அட்டையை எடுத்தான். என் தோளைப் பிடித்தான். கீழேயிருந்து அவள் கத்தினாள்:

"இஞ்சாருங்கோ! அவனைக் கொண்டந்து விட்டாச்சு. இன்னும் என்ன பாத்துக்கொண்டு நிக்கிறியள்? கெதியா இறங்குங்கோ, வள்ளம் ஆடி எனக்குச் சத்தி வருது!"