வாசலில் நிறுத்தப்பட்ட கேசரோல்

கேசரோல் என்ற சொல்லைக் கேட்டாலே இப்போது எனக்குக் கோபம் வருகிறது. ஒரு சொல்மேல் என்ன கோபம் என்று கேட்பீர்கள். நியாயம்தான். அந்தச் சொல் பாவம், பிரெஞ்சுக்காரர்கள் அடுப்படியில் பிறந்து, இங்கிலீஷ்காரர்கள் சமையலறையில் வளர்ந்து, எங்கெங்கோ சுற்றி ஆனைக்குட்டத்தில் எங்கள் வீட்டு பீரோவுக்குள் வந்து உட்கார்ந்தது. அதன்மேல் ஒரு தப்பும் இல்லை. இருந்தாலும் வருகிறது.

நான் திருத்தங்கலில் ஓர் அச்சகத்தில் கம்ப்யூட்டரில் எழுத்துக்கோத்து டிசைன் செய்கிற வேலை பார்க்கிறேன். பட்டாசு லேபிள், காலண்டர், கல்யாணப் பத்திரிகை, மருந்துப் பெட்டி அட்டை என்று எது வந்தாலும் என் திரையைத் தாண்டித்தான் மெஷினுக்குப் போகும். ஒரு வருஷம் வெளிநாட்டுப் பார்ட்டி ஒருவரின் காலண்டர் ஆர்டர் வந்தது. மாதத்துக்கு ஒரு சமையல் குறிப்பு, எல்லாம் இங்கிலீஷில். பன்னிரண்டில் மூன்று குறிப்புகளின் பெயர் கேசரோல் என்று முடிந்தது. எனக்கு ஒரு கெட்ட பழக்கம், புரியாத சொல்லைக் கடந்து போக முடியாது. சாப்பாட்டு நேரத்தில் போனில் தேட ஆரம்பித்தேன்.

பிரெஞ்சில் அது கைப்பிடி வைத்த ஒரு சட்டி, அவ்வளவுதான். இங்கிலீஷுக்கு வந்ததும் மூடி போட்ட கனமான பாத்திரமாகி, அடுப்புக்குள்ளேயே மணிக்கணக்கில் உட்கார்ந்து வேகிறது. அப்புறம் அந்தப் பாத்திரத்தில் வெந்த கறிக்கும் அதே பெயர். அமெரிக்காவுக்குப் போனதும் மக்ரோனியும் சீஸும் டின் மீனும் அடுக்கடுக்காகப் போட்டு மேலே மொறுமொறுவென்று சுட்டெடுத்தால் அது கேசரோல். நம் ஊரிலோ வெளியே பிளாஸ்டிக்கும் உள்ளே எவர்சில்வரும் வைத்த சூடு ஆறாத பெட்டி. பாத்திரக் கடையில் ஹாட் பாக்ஸ் என்றும் சொல்வார்கள், கேசரோல் என்றும் சொல்வார்கள். சீர் வரிசையில் ஒன்றுக்குள் ஒன்றாக மூன்று இருக்கும். அவர்கள் கேசரோலை நெருப்புக்குள் வைக்கிறார்கள், நாம் நெருப்பிலிருந்து இறக்கியதைக் கேசரோலுக்குள் வைக்கிறோம். சாயங்காலம், பாத்திரத்தை ஏனம் என்று சொல்கிற அம்மாவிடம் இதையெல்லாம் சொன்னபோது, "அப்ப அங்கன ஏனத்தையே திம்பாகளா?" என்று கேட்டுவிட்டு வெகுநேரம் சிரித்தாள்.

அம்மா சிரிப்பது அபூர்வம். அப்போதே அவளுக்கு வயிறு சரியில்லை. தாயில்பட்டிப் பக்கம் ஒரு பட்டாசு ஆலையில் திரி வைக்கிற வேலை. ஊர் முக்கில் ஆறரைக்கு வருகிற கம்பெனி பஸ்ஸைப் பிடிப்பதற்குள் சமைத்து, தூக்குவாளியில் அடைத்துக்கொண்டு போவாள். மத்தியானம் மூடியைத் திறக்கும்போது சோறு விறைத்திருக்கும். இருபது வருஷத்துக்கு மேல் அப்படித் தின்றதில் குடலில் புண். பெரியாஸ்பத்திரி டாக்டர், நேரத்துக்குச் சாப்பிட வேண்டும், கொஞ்சமாகச் சாப்பிட வேண்டும், சூடாகவும் குழைவாகவும் சாப்பிட வேண்டும் என்று மூன்று விரலை மடக்கிச் சொன்னார். ஆறிய சோறு உள்ளே போனால் சுருக்கென்று பிடிக்கும் என்பதால் அம்மா மத்தியானம் தின்பதையே விட்டுவிட்டாள்.

ஒருநாள் வேலை நடக்கும் அறையில் கண்ணை இருட்டிக்கொண்டு வந்து சுவரைப் பிடித்து உட்கார்ந்துவிட்டாளாம். பக்கத்தில் இருந்தவர்கள் தாங்கிப் பிடித்திருக்கிறார்கள். அவள் அதை என்னிடம் பஸ் லேட்டாக வந்த கதையைச் சொல்வதுபோலச் சொன்னாள். எனக்கு ரத்தம் கொதித்தது. கையில் மருந்து ஏறிய வெடியை வைத்துக்கொண்டு, காலடியில் இன்னும் நூறை வைத்துக்கொண்டு இருக்கிற பெண் மயங்கி விழுந்தால் என்ன ஆகும் என்று இந்த ஊரில் யாருக்கும் விளக்க வேண்டியதில்லை. வேலையை விடு என்றேன். விட்டால் வீட்டில் உட்கார்ந்து உன் மூஞ்சியைப் பார்த்துக்கொண்டிருக்கவா என்றாள்.

அந்தத் தீபாவளிக்குத்தான் அவளுடைய கம்பெனி ஆளுக்கொரு கேசரோல் கொடுத்தது. இளஞ்சிவப்பு நிறம், மூடியில் கம்பெனி பெயரும் தீபாவளி நல்வாழ்த்தும். அந்த மூடி ஸ்டிக்கரைக்கூட நான்தான் டிசைன் செய்தேன். அம்மா அதைப் பாலிதீன் உறையைக் கூடப் பிரிக்காமல் பீரோவில் வைத்துப் பூட்டினாள், விருந்தாளி வந்தால் எடுக்கலாம் என்று. எங்கள் வீட்டுக்கு எந்தக் கலெக்டர் விருந்துக்கு வருகிறார் என்று சண்டை போட்டுத்தான் அதை வெளியே எடுக்க வைத்தேன். இதில் வைத்தால் மத்தியானம் வரை சூடு நிற்கும், இனி நீ சாப்பிட வேண்டும் என்றேன். தீபாவளி லீவு முடிந்து ஆலை திறந்த அன்று குழைய வடித்த சோற்றையும் பருப்பையும் அதில் வைத்து எடுத்துப் போனாள்.

வாட்ச்மேன் உள்ளே விடவில்லை. வாசலில் தீப்பெட்டி, பீடி, போன் இருக்கிறதா என்று பார்ப்பார்கள், அது தெரிந்ததுதான். அன்றைக்குப் புதிதாக, சூடான பாத்திரம் உள்ளே கொண்டுபோகக் கூடாது, போர்டில் போட்டிருக்கிறது என்று சொல்லி, பெட்டியை வாங்கித் தன் அறையில் வைத்துக்கொண்டாராம். சாயங்காலம் அதை அப்படியே வீட்டுக்குக் கொண்டுவந்தாள். நான் திறந்து பார்த்தேன். அப்போதும் சோறு வெதுவெதுப்பாக இருந்தது. தொட்ட விரலை எடுத்துவிட்டு வாய்க்கு வந்தபடி திட்டினேன். சட்டியோ, கறியோ, மக்ரோனியோ, எந்த ஊர்க்காரர்களின் அர்த்தத்தை எடுத்தாலும் கேசரோலில் சூடு உண்டு. என் அம்மா மட்டும் அதை வாசலில் விட்டுவிட்டுப் போக வேண்டும், அதுவும் அந்தக் கம்பெனியே கொடுத்த பெட்டியை.

மறுநாள் லீவு போட்டுவிட்டு ஸ்கூட்டியில் ஆலைக்குப் போனேன். வெளியே ஒரு மணி நேரம் நிற்க வைத்தார்கள். நான் நிற்கும்போதே மேனேஜருக்கு வீட்டிலிருந்து சாப்பாடு வந்தது. பைக்கில் வந்தவர் கையில் அதே கேசரோல், அதே இளஞ்சிவப்பு, அதைவிடப் பெரிய சைஸ். வாட்ச்மேன் எழுந்து நின்று வழிவிட்டார். இது எப்படிப் போகிறது என்று கேட்டேன். அது ஆபீசுக்கு என்றார், பச்சைப் பிள்ளைக்குச் சொல்வதுபோல.

மேனேஜர் மரியாதையான ஆள். உட்காரச் சொன்னார். நான் அம்மாவின் வயிற்றைப் பற்றிச் சொன்னதையெல்லாம் தலையாட்டிக் கேட்டார். கடைசியில், "நாங்களா வேணும்னு செய்றோம்? போர்டுல இருக்கும்மா. இருக்கிறத எடுத்தா ஏன் எடுத்தன்னு கேப்பாக. இன்ஸ்பெக்‌ஷன் வந்தா நீங்களா பதில் சொல்வீக?" என்றார். அவர் மேஜைமேல் கேசரோல் இருந்தது. சாம்பார் வாசம் வந்துகொண்டிருந்தது.

வெளியே வந்து அந்தப் போர்டின் முன்னால் நின்றேன். தகரத்தில் ஒட்டிய ஸ்டிக்கர். மேலே லைசென்ஸ் நம்பர், கீழே கொண்டுவரக் கூடாத சாமான்களின் பட்டியல். ஆறாவது வரி: சூடான பாத்திரங்கள். படித்துக்கொண்டே போனவள் திரும்பவும் முதல் வரிக்கு வந்தேன். அந்த எழுத்துரு நான் எப்போதும் போடுகிறது. வரிக்கு முன்னால் இருக்கும் சின்னச் சிவப்புக் கட்டம் என்னுடைய பழக்கம். அந்தப் போர்டைச் செய்தவள் நான்தான்.

எங்கள் தொழிலில் யாரும் எதையும் முதலிலிருந்து செய்வதில்லை. சீசன் நேரத்தில் ஒரு நாளைக்கு நாற்பது வேலை வரும். பழைய பைலைத் திற, பெயரை மாற்று, நம்பரை மாற்று, வேறு பெயரில் சேமி. பார்ட்டி கையெழுத்துப் போட்டால் முடிந்தது கதை. அச்சகத்துக்குப் போய்த் தேடினேன். இரண்டு வருஷத்துக்கு முன்னால் வெடிக்குக் காகிதக் குழாய் உருட்டுகிற ஒரு சின்ன யூனிட்டுக்கு நான் செய்த போர்டுதான் அதற்கு மூலம். அங்கே பசை காய்ச்சுவார்கள். கொதிக்கிற பசைச் சட்டியை அப்படியே அறைக்குள் தூக்கிவந்த ஆள் யாரோ இருந்ததால், சூடான பாத்திரம் கூடாது என்று கேட்டு எழுதி வாங்கினார்கள். அம்மாவின் ஆலையில் பசையே காய்ச்சுவதில்லை. அந்தக் கம்பெனியின் ஆர்டர் வந்தபோது இந்தப் பைலைத் திறந்து பெயரை மாற்றினேன், நம்பரை மாற்றினேன், அந்த வரியை அப்படியே விட்டுவிட்டேன். புரியாத இங்கிலீஷ் சொல்லுக்கு அரை மணி நேரம் போனைத் தேய்த்தவள், புரிகிற தமிழை ஒரு தடவை படித்துப் பார்க்கவில்லை.

என் முதலாளியிடம் ஓடினேன். அண்ணாச்சி, தப்பு நம்முடையது, ஒரு ஸ்டிக்கர்தானே, திருத்தி நாமே கொண்டுபோய்க் கொடுத்துவிடுவோம் என்றேன். அவர் பைலை எடுத்து, பார்ட்டியின் கையெழுத்தை விரலால் தட்டிக் காட்டினார். "அவுக பாத்து ஒப்புக்கிட்டாக. கேக்காத திருத்தத்தப் போய் நாம சொன்னா, நாளைக்கு ஒவ்வொரு பார்ட்டியும் பழைய வேலையத் தூக்கிட்டு வருவான். உன் வேலையப் பாரும்மா." அச்சுத் தொழிலில் இது சாமி வாக்கு மாதிரி. கையெழுத்து விழுந்த பிறகு ஒரு புள்ளியைக்கூடத் தொடக் கூடாது. எனக்கும் வேலைக்குச் சேர்ந்த நாளிலிருந்து அதைத்தான் சொல்லிக்கொடுத்திருந்தார்கள். அன்றைக்குத்தான் அதன் லட்சணம் புரிந்தது.

வீட்டுக்கு வந்து அம்மாவிடம் சொன்னேன். திட்டுவாள், இரண்டு நாளாவது பேசமாட்டாள் என்று நினைத்தேன். விடு பிள்ள, நீ அடிக்கலன்னா வேற எவளாவது அடிச்சிருப்பா என்று சொல்லிவிட்டுக் கீரையை ஆயப் போய்விட்டாள். திட்டியிருக்கலாம். அந்த வருஷம் முழுக்க அவள் மத்தியானத்தில் இரண்டு பிஸ்கட்டைத் தண்ணீரில் நனைத்துத் தின்றுவிட்டு வேலை பார்த்தாள். ரவிக்கை எல்லாவற்றையும் பிடித்துத் தைக்க வேண்டி வந்தது. ஒவ்வொன்றைப் பிடித்துத் தைக்கும்போதும் எனக்கு யாரையாவது அடிக்க வேண்டும்போல இருக்கும். யாரை என்றுதான் தெரியாது. கையில் ஊசி இருக்கும், எதிரே அவள் உட்கார்ந்திருப்பாள்.

அடுத்த வருஷம் லைசென்ஸ் நம்பர் மாறியது. அதே போர்டு, புது நம்பர் என்று ஆர்டர் வந்தபோது நான் காத்துக்கொண்டிருந்தேன். பைலைத் திறந்து ஆறாவது வரியை அழித்தேன். மற்ற வரிகளின் இடைவெளியைக் கூட்டி, ஓட்டை தெரியாமல் அடைத்தேன். இருபதுகளின் தொடக்கத்திலிருந்து இந்த நாற்காலியில் இருக்கிறேன், பார்ட்டி கேட்காமல் ஒரு வரியை எடுத்தது அதுதான் முதல் தடவை. மேனேஜர் புரூப் பார்க்க வந்தார். நம்பரை மட்டும் தன் போனில் இருந்ததோடு ஒத்துப் பார்த்தார், கையெழுத்துப் போட்டார், டீ குடித்துவிட்டுப் போனார். நான் எதிர்பார்த்தது அதைத்தான். இந்த ஊரில் யாரும் எதையும் படிப்பதில்லை என்று அன்றைக்குச் சந்தோஷப்பட்டேன்.

போர்டு மாட்டிய மறுநாள் அம்மாவை பஸ்ஸில் போகவிடவில்லை. இட்லி தின்ன வைத்து, கேசரோலில் சோறும் ரசமும் தனித்தனிக் கிண்ணத்தில் வைத்து, ஸ்கூட்டியில் ஏற்றிக்கொண்டு போனேன். புதுப் போர்டு வெயிலில் பளபளவென்று இருந்தது. ஒரு தடவைக்கு இரண்டு தடவை எண்ணிப் பார்த்தேன். ஐந்து வரிதான்.

"யக்கா, அந்தப் பொட்டிய இங்கன வச்சிட்டுப் போங்க" என்றார் வாட்ச்மேன்.

போர்டைப் பாருங்கள், அந்த வரியே இல்லை, படியுங்கள் என்றேன். அவர் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. போன வருஷம் கூடாது என்றுதானே சொன்னோம், இந்த வருஷம் கூடும் என்று யாரும் எனக்குச் சொல்லவில்லையே என்றார். மேனேஜரைக் கூப்பிடுங்கள் என்றேன். அவர் வர பத்து மணி ஆகும் என்றார். ஒருத்தி விடாமல் எல்லாப் பெண்களும் எங்களைத் தாண்டி உள்ளே போய்க்கொண்டிருந்தார்கள். நான் கத்த ஆரம்பித்தேன். என்ன கத்தினேன் என்று இப்போது எழுத முடியாது, எழுதினால் அச்சில் வராது.

அம்மா என் கையைப் பிடித்தாள். "கத்தாத. அவன் போர்டப் பாத்தா நிப்பாட்டுறான்? ஆளப் பாத்து நிப்பாட்டுறான்."

சொல்லிவிட்டு, வாசலுக்கு ஓரமாக, அந்தப் போர்டுக்குக் கீழேயே மண்ணில் உட்கார்ந்தாள். கேசரோலை மடியில் வைத்து மூடியைத் திருகினாள். ஆவி வந்தது. வீட்டில் தின்ற இட்லி இன்னும் செரித்திருக்காது. ரசத்தைச் சோற்றில் ஊற்றிப் பிசைந்து, ஒவ்வொரு கவளமாக, அவசரப்படாமல் தின்றாள். பாதியில் இறங்கவில்லை, நெஞ்சைத் தடவிக்கொண்டு மறுபடி தின்றாள். வாட்ச்மேன் முகத்தை அந்தப் பக்கம் திருப்பிக்கொண்டார். மணி எட்டாகவில்லை.

எல்லாவற்றையும் தின்று முடித்து, பாட்டில் தண்ணீரில் கையைக் கழுவி, காலிப் பெட்டியை என்னிடம் நீட்டினாள்.

மத்தியானத்துக்கு என்ன பண்ணுவாய் என்று கேட்டேன்.

"மத்தியானச் சோத்தத்தான இப்பத் தின்னேன்" என்று சொல்லிவிட்டு உள்ளே போனாள்.