எஸ்பியர்க் நெப்போலியன்

டென்மார்க்கின் எஸ்பியர்க் நகரத்து மீன் தொழிற்சாலையில் என்னோடு வேலை செய்த அண்ணை ஒருவர் குள்ளமானவர். ஊரில் யுத்தம் முடிந்த அந்த மே மாதம், வேலை ஓய்ந்தால் போதும், ஒரு கையைக் கோட்டுக்குள் செருகிக்கொண்டு நிற்பார். பிராந்திப் போத்தலில் நான் பார்த்த நெப்போலியன் அப்படித்தான் நிற்பான்.

“சக்கரவர்த்தி எந்த நாட்டைப் பிடிக்கப் போறார்?” என்று ஒருநாள் கேட்டுவிட்டேன்.

“நாடு வேண்டாமடா தம்பி. உள்ளுக்கை போன் ஒளிச்சு வைச்சிருக்கிறன். வன்னியிலை அகப்பட்ட தங்கச்சி எடுத்தாலும் எடுப்பாள்.”

ஒரு மத்தியானம் கோட்டு அதிர்ந்தது. “தங்கச்சி! முகாமிலையோ? எல்லாரும் இருக்கிறியளோ?” என்று கத்தினார். ஓடிவந்த மேற்பார்வையாளர் போனைப் பறிக்கவில்லை.

நல்ல செய்தி கிடைத்தவர் வேலையிடத்துக்குக் கேக் கொண்டுவருவது டென்மார்க் வழக்கம். மறுநாள் அண்ணை, பேக்கரியில் விற்கும் ‘நெப்போலியன் தொப்பி’ கேக்குகளை மேசையில் பரப்பினார்.

“தின்னுங்கோ. சக்கரவர்த்தி தொப்பியைக் கழட்டிப்போட்டார்.”

அவரைக் கட்டிப்பிடிக்க ஆசையாக இருந்தது. வெட்கத்தில் இரண்டு தொப்பி தின்றேன்.