மாடசாமி அண்ணன் அடித்த ஒரே அடி

மாடசாமி அண்ணன் இறந்த செய்தியை மில் வாசலில் வாட்ச்மேன்தான் சொன்னார். "ஒங்க டிவி வில்லன் செத்துப்போனாராம்ல. நெஞ்சுவலியாம்." அந்த மனிதரை அறைய வேண்டும் போலிருந்தது எனக்கு. இருபது வருடம் சினிமாவில் குத்துப்பட்டு, வெட்டுப்பட்டு, பாறையில் உருண்டு செத்தவர், ராஜபாளையத்தில் தன் வீட்டு நாற்காலியில் காப்பி டம்ளரோடு செத்திருக்கிறார்.

"எனக்கு அடிக்கத் தெரியாதுலே, விழத்தான் தெரியும்" என்பார். தளவாய்புரத்து வியாபாரி ஒருவர் இவருடைய முகத்தை நம்பி, தன் எதிராளியை மிரட்டக் கூட்டிப்போனார். எதிராளி லேசாகத்தான் தள்ளினாராம். அண்ணன் பழக்கதோஷத்தில் ரெண்டு குட்டிக்கரணம் போட்டுப் பருத்தி மூட்டை மேல் விழுந்தார். எதிராளியே பயந்துபோய் சோடா வாங்கிக் கொடுத்தார்.

போன வாரம் ஸ்ரீவில்லிபுத்தூரில் நடந்த இரங்கல் கூட்டத்தில் எல்லோரும் இரண்டு விஷயங்களைப் புகழ்ந்தார்கள். தத்ரூபமாக இருக்க வேண்டும் என்று அசல் அரிவாளைக் கேட்டு வாங்கி விரல்களை இழந்த கலைஞர் என்றார்கள். இடது கையில் துண்டைச் சுற்றிக்கொண்டு வரும் அந்த ஸ்டைல் யாருக்கு வரும் என்றார்கள். அவர் அரிவாளும் கேட்கவில்லை, அது ஸ்டைலும் இல்லை.

எண்பதுகளின் நடுவில் பிளவக்கல் அணைப் பக்கம் ஒரு படப்பிடிப்பு. மில்லுக்கு லீவு போட்டுவிட்டு அடியாள் வேஷத்துக்குப் போயிருந்தேன். எனக்கு ஒரே ஒரு வசனம். "இவன் பேசுனா தியேட்டரே சிரிக்கும்" என்று அண்ணன் விளையாட்டாகச் சொல்ல, டைரக்டர் அந்த வசனத்தையும் நீக்கிவிட்டார். "ஒன்னைய வெட்டாம விடமாட்டேன்" என்று அண்ணனைப் பார்த்து யூனிட் முழுவதும் கேட்கக் கத்தினேன்.

சண்டைக் காட்சிக்கு முன்னால் அய்யனாருக்குப் படையல் போடாமல் எங்கள் ஊர்க்காரர்கள் நாங்கள் கையை ஓங்க மாட்டோம். வெள்ளித்தாள் ஒட்டிய மர அரிவாள்களோடு, சாமிக்கென்று அசல் அரிவாள் ஒன்றையும் வைப்போம். எல்லாவற்றுக்கும் சந்தனம், குங்குமம். பூஜை முடிந்த அவசரத்தில் நான் எடுத்தது சாமியின் அரிவாள். கை கனத்தது. கோபத்தில் கனக்கிறது என்று நினைத்தேன்.

ஒத்திகைப்படி அவர் இடது கையைத் தூக்கினார். ஒத்திகையில் இல்லாத வேகத்தில் நான் வீசினேன். இரண்டு விரல்கள் மணலில் விழுந்தன. அவர் அலறவில்லை. சொல்லிவைத்த இடம் வரை உருண்டு போய்ச் செத்தார். டைரக்டர் ஓகே என்றதும் எல்லோரும் கைதட்டினார்கள். நான் மட்டும் மணலைப் பார்த்துக்கொண்டு நின்றேன்.

காலையில் நான் கத்தியதை அத்தனை பேர் கேட்டிருந்தார்கள். போலீஸ் அதை விடுமா? ஆனால் ஆஸ்பத்திரிக்கு வந்த ஏட்டிடம் அண்ணன் முந்திக்கொண்டார். "நாந்தான் அசல் அருவாள மாத்தி வச்சேன்யா. தத்ரூபமா இருக்கட்டும்னு. அவனுக்கு ஒண்ணும் தெரியாது."

அந்தப் பொய் என்னைக் காப்பாற்றி அவரைக் கவிழ்த்தது. கிறுக்கன் என்று கம்பெனிகள் ஒதுக்கின. பேசிவைத்திருந்த கதாநாயகனின் அண்ணன் வேடம் வேறொருவருக்குப் போனது. அடிதடியே இல்லாத நல்ல மனிதர் வேடம் அது. அவர் ஆசைப்பட்டது அந்த ஒன்றுக்குத்தான்.

தொண்ணூறுகளில் டிவி தொடர்கள் வந்தன. விரல் போன கையைத் துண்டால் மறைத்துக்கொண்டு கொடூர மாமனாராக நடித்தார். ஸ்ரீவில்லிபுத்தூர் படப்பிடிப்பில் ஒரு உதவி டைரக்டர், "அருவாள் கிறுக்கன் வந்தாச்சா?" என்று சிரித்தான். எனக்குப் பொறுக்கவில்லை. "நடந்தது என்னன்னா..." என்று ஆரம்பித்தேன். அண்ணன் என் சட்டையைப் பிடித்து, படப்பிடிப்பு நடந்த வீட்டுக்குப் பின்னால் இழுத்துப்போனார். துண்டை உருவினார். இடது கையால் விட்டார் ஒரு அறை. வாயில் ரத்தம் வந்தது.

"ரெண்டு விரலு போனது போனதுதாம்லே. ஒம் பிள்ளைகளுக்கு நீயும் இல்லாமப் போகணுமா? இனி வாயத் தொறந்த, கொன்னுபுடுவேன்."

கொஞ்ச நேரம் கழித்து அவரே கண்ணைத் துடைத்துக்கொண்டு, "வலிக்குதாலே?" என்றார்.

மூன்று விரல் தடம் நாலு நாள் கன்னத்தில் கிடந்தது. பூச்சி கடித்தது என்று வீட்டில் சொன்னேன். வாழ்நாளில் அவர் ஒருவரை அடித்தது அந்த ஒரு அடிதான். அது என்னிடம் இருக்கிறது. சவரம் செய்யும்போதெல்லாம் வலது கன்னத்தில் கை நின்றுதான் போகிறது.

அவரை அறிந்தவர்களே, வெட்டியவன் நான்தான். அரிவாள் தவறி வந்தது. கோபம் தவறி வரவில்லை.

வாயைத் திறந்துவிட்டேன், அண்ணே. வந்து அடியுங்கள்.